ஜுரேமாவின் புது ஆல்பம்

“ரெக்கார்டு கம்பெனிக்காரர்கள் கேட்டதையெல்லாம் கொடுத்தேன், மெஸ்த்ரே. பிறகு ஏன் என்னைக் கழற்றி விட்டார்கள்?”

கேட்டவள் ஜுரேமா. பிரேசிலின் சால்வடார் நகரத்தில் ஒரு காலத்தில் அவள் பாடாத கார்னிவல் கிடையாது. எதிரே உட்கார்ந்து முரசுக்குத் தோல் இழுத்துக் கட்டிக்கொண்டிருந்தவர் அன்செல்மோ. தெருமுரசுக் குழுவின் ஆசான். ‘மெஸ்த்ரே’ என்றுதான் எல்லோரும் கூப்பிடுவார்கள். அவளுக்குப் பாடக் கற்றுக்கொடுத்தவரும் அவர்தான்.

“என்ன கேட்டார்கள்?”

“முதல் ஆல்பத்தில் நம் குழுவே வாசித்தது. ஊரே பாடியது. அடுத்ததில், முரசு வேண்டாம், மெஷின் போதும் என்றார்கள். சரி என்றேன்.”

“பிறகு?”

“என் சுருட்டை முடியை நேராக்கச் சொன்னார்கள். அட்டைப் படத்தில் என் நிறத்தை வெளுத்தார்கள். நம் முன்னோர் கொண்டுவந்த ஆப்பிரிக்கச் சாமிகளின் பெயர் பாட்டில் வரக் கூடாது என்றார்கள். அதற்கும் சரி என்றேன்.”

“இப்போது?”

“பிறவியிலேயே வெளுத்த ஒருத்தியைப் பிடித்துவிட்டார்கள். முரசு வைத்துப் பாடுகிறாள். சாமி பெயரும் சொல்கிறாள். அதுதான் இப்போது ஃபேஷனாம்.”

அன்செல்மோ முரசுத் தோலை இன்னும் ஒரு சுற்று இறுக்கினார்.

“பழையபடி ஓர் ஆல்பம் போடலாம், மெஸ்த்ரே. நம் ஆட்களோடு. வாசிப்பீர்களா?”

“பாடு.”

பாடினாள். குரல் கொஞ்சமும் கெடவில்லை. அன்செல்மோ முரசை மடியில் வைத்துக் கையை ஓங்கினார். ஓங்கிய கை அப்படியே நின்றது. பாட்டு முடிந்த பிறகும் இறங்கவில்லை.

“ஏன் வாசிக்கவில்லை?”

“எங்கே வாசிப்பது?”

ஜுரேமாவுக்குச் சுருக்கென்றது. முன்பெல்லாம் பாட்டில் ஒவ்வோர் அடி முடிந்ததும் நிறுத்துவாள், முரசு பதில் சொல்லும். மெஷின் பதில் சொல்லாது. நிறுத்தும் பழக்கமே அவளுக்கு விட்டுப்போயிருந்தது.

மறுபடி பாடினாள். முதல் அடி முடிந்ததும் நிறுத்தினாள்.

சத்தமில்லை.

“மெஸ்த்ரே, இடம் விட்டேனே!”

“எனக்கு மட்டும் விட்டால் போதுமா? அன்றைக்கு உன்னோடு வாசித்தவர்கள் எல்லோரும் இந்தத் தெருவில்தான் இருக்கிறார்கள். ஒவ்வொருவர் வாசலிலும் நின்று பாடு. அவர்கள் பதில் வாசித்தால் நானும் வாசிக்கிறேன்.”

ஜுரேமா கண்ணைத் துடைத்துக்கொண்டு எழுந்தாள்.

“வீடெல்லாம் அடையாளம் தெரியவில்லை. நீங்களே காட்டுங்கள்.”

“காட்டுகிறேன். முதலில் யார் வீடு? பெயரைச் சொல்.”

ஜுரேமா வாயைத் திறந்தாள்.

ஒரு பெயரும் வரவில்லை.