பதினாறு ஜோடிச் செருப்பு

இந்தக் கதையில் குருவுக்கு இருபத்தொன்பது வயது. சீடருக்கு அறுபத்தொன்று. தாடியின் நீளத்தைப் பார்த்து மாற்றி வைத்துக்கொள்ள வேண்டாம்.

குரு, பட்டறைத் தெருப் பள்ளிவாசலில் தொழுகை நடத்தும் இல்யாஸ் ஹஜ்ரத். மெல்லிய குரல். எதிரே இருப்பவர் கொஞ்சம் குனிந்தால்தான் கேட்கும்.

சீடர் உதுமான் ராவுத்தர். நாற்பது வருடம் லாரி ஓட்டியவர். எதிரே இருப்பவர் கொஞ்சம் விலகி நின்றால்தான் காது பிழைக்கும். "சாப்பிட்டாச்சா?" என்று வீட்டுக்குள் அவர் கேட்டால், தெருமுனையில் மூன்று பேர் "ஆச்சு" என்பார்கள்.

லாரியை விற்ற பிறகுதான் பள்ளிவாசலுக்கு ஒழுங்காக வரத் தொடங்கினார். சாயங்காலங்களில் ஹஜ்ரத் முன்னால் சம்மணமிட்டு அலிஃப், பே, தே என்று அரபு எழுத்துப் படித்தார். நாக்பூர் வரை வழி தெரிந்த மனிதருக்கு குர்ஆனின் முதல் அத்தியாயமான சூராவே பாதியில் வழி தவறிவிடும்.

"பரவாயில்ல மாமு. ரிவர்ஸ் எடுங்க," என்பார் ஹஜ்ரத்.

உதுமான் ரிவர்ஸ் எடுப்பார். மறுபடி அதே இடத்தில் முட்டிக்கொண்டு நிற்பார்.

அந்தத் தெருவில் ஒரு வழக்கம் உண்டு. பொழுது சாய்ந்ததும் நடக்கிற மஃரிப் தொழுகை முடியும் நேரம், பள்ளிவாசல் வாசலில் பெண்கள் வரிசையாக வந்து நிற்பார்கள். இடுப்பில் பிள்ளை. கையில் தண்ணீர் டம்ளர். தொழுதுவிட்டு வெளியே வருகிற ஒவ்வொருவரும் ஒரு வரி ஓதி, டம்ளரிலும் பிள்ளையின் முகத்திலும் ஊதிவிட்டுப் போவார்கள். பயந்த பிள்ளை, பால் குடிக்காத பிள்ளை, காரணம் சொல்லாமல் அழுகிற பிள்ளை எல்லாம் அங்கே வரும்.

வரிசையில் பாதிக்கு மேல் குங்குமப் பொட்டு. நர்ஸ் ஸ்டெல்லாவின் கழுத்தில் சிலுவை. அவள் மாத்திரைச் சீட்டு வாசிக்கிற குரலில்தான் எதையும் சொல்வாள்.

"என் பிள்ளைக்கு செவ்வாய்க்கிழமை அந்தோணியார் கோயில். வெள்ளிக்கிழமை மாரியம்மன். வியாழக்கிழமை பள்ளிவாசல். மத்த நாளு பாராசிட்டமால்."

உதுமான் மட்டும் அந்த வாசல் வழியாக வருவதில்லை. தொழுகை முடிந்ததும் கை கால் கழுவும் தொட்டியைச் சுற்றிக்கொண்டு, பின்கதவு வழியாகச் சந்தில் இறங்கிவிடுவார்.

ஓதத் தெரியாதவன் என்னத்தை ஊதுவது என்று அவருக்கு வெட்கம். அதைச் சொல்ல இன்னும் வெட்கம்.

செருப்பு முன்வாசலில்தான் கிடக்கும். அதனால் வெறுங்காலோடு வீட்டுக்குப் போவார். இரவுத் தொழுகைக்கு வெறுங்காலோடு வருவார். அப்போது வாசலில் பெண்கள் இருக்கமாட்டார்கள். போட்டுக்கொண்டு போவார்.

தொழுகைக்கு அழைத்துப் பாங்கு சொல்கிற மோதினார் இதைக் கவனித்துவிட்டார். தகர டப்பாவில் கூழாங்கல்லை உருட்டினால் என்ன குரல் வருமோ அந்தக் குரலில் கேட்டார்.

"என்ன ராவுத்தரே, செருப்பை வாடகைக்கு விட்டிருக்கீரா?"

"கால் ஆணிக்கு வெறுங்கால்ல நடக்கச் சொல்லியிருக்காங்க," என்றார் உதுமான். தெரு முழுக்க அவருக்குக் கால் ஆணி என்று தெரிந்துபோனது.

ஒரு நாள் பின்கதவைத் திறந்தார். சந்தில் ஒரு பெண் நின்றாள். இடுப்பில் இரண்டு வயதுப் பிள்ளை. ஒரு கையில் டம்ளர். இன்னொரு கையில் ஒரு ஜோடிச் செருப்பு.

உதுமான் செருப்பை மட்டும்தான் பார்த்தார்.

"தாயி, நான் ஒண்ணும் பண்ணலையே," என்றார். வாழ்க்கையில் முதல் தடவையாக மெல்லிய குரலில்.

"அதைத்தான் பாய் கேக்க வந்தேன்," என்றாள் அவள். "இது உங்க செருப்புதானே?"

"ஆமா."

"நாலு நாளா எண்ணுறேன். வாசல்ல பதினாறு ஜோடி கிடக்கு. ஊதுறது பதினஞ்சு பேரு. என் பிள்ளைக்கு ஒண்ணு குறையுது."

அவள் பெயர் முத்துப்பேச்சி. நூல் மில்லில் வேலை. பிள்ளை தர்ஷன் மேல் ஒரு தெருநாய் பாய்ந்துவிட்டது. கடிக்கவில்லை. ஆனால் அன்றிலிருந்து கண் மூடினால் அலறி எழுந்துவிடுகிறான். டாக்டர் பார்த்து சிரப் கொடுத்திருந்தார். சிரப் தீரப்போகிறது. அலறல் தீரவில்லை.

"தொழுத அத்தனை வாயும் ஊதணும்னு எங்க அத்தை சொன்னாங்க," என்றாள். "ஒரு வாய் விட்டாலும் அந்த ஓட்டை வழியா பயம் திரும்ப உள்ள வந்துருமாம்."

"எனக்கு ஓதத் தெரியாதும்மா."

"இம்புட்டுத் தாடி வச்சிருக்கீங்க?"

"அது தானா வளருது."

முத்துப்பேச்சி சிரிக்கவில்லை. டம்ளரை நீட்டினாள். தூக்கம் இல்லாத கண்கள் அவளுக்கும்தான். டம்ளரில் தண்ணீர் லேசாக நடுங்கியது.

உதுமான் குனிந்தார். ஒரு வரியைத் தேடினார். வரவில்லை. இன்னொன்றைத் தேடினார். அதுவும் வரவில்லை. பிள்ளை அவர் தாடியைப் பிடித்து இழுத்துப் பார்த்தது. அவர் கண்ணை மூடிக்கொண்டு தண்ணீரில் ஊதினார். பிள்ளையின் நெற்றியிலும் ஊதினார்.

அவள் செருப்பை அவர் காலடியில் வைத்துவிட்டுப் போனாள்.

மறுநாள் பின்கதவைத் திறந்தால் அவளே நிற்கிறாள்.

"பாய், நேத்து மூணு தடவைதான் எந்திரிச்சான். முந்தாநாளு ஏழு."

டம்ளர் நீண்டது.

அதற்கடுத்த நாள் அவள் பின்னால் இன்னொருத்தி. நான்காம் நாள், வேலை முடிந்து போகிற வழியில், ஸ்டெல்லாவும் சந்துக்குள் எட்டிப் பார்த்தாள்.

"ஸ்பெஷலிஸ்ட் பின்பக்கம்தான் பார்க்கிறாராமே?"

உதுமானுக்கு அன்று சோறு இறங்கவில்லை.

அடுத்த நாள் சாயங்காலம் ஹஜ்ரத் முன்னால் உட்கார்ந்தார். கிதாபைத் திறக்கவில்லை.

"ஹஜ்ரத், இன்னைக்கு மஃரிபோட சரி. நாளையிலேர்ந்து நான் வரல. வீட்லயே தொழுதுக்கிறேன்."

பள்ளிவாசலை ஒட்டிய வீட்டிலிருந்து ஒரு குழந்தை அழும் சத்தம் வந்தது. ஹஜ்ரத்தின் எட்டு மாத மகள் சுமையா. பல் முளைக்கிற நேரம்.

"ஏன் மாமு?"

"ஏமாத்திட்டேன்."

பின்கதவு, சந்து, செருப்பு, தாடி, ஏழு, மூணு எல்லாவற்றையும் சொன்னார். அவர் ரகசியமாகச் சொன்னதை மாடியிலேயே குடியிருக்கும் மோதினாரும் கேட்டுக்கொண்டார்.

ஹஜ்ரத் கேட்டார்: "ஊதும்போது ஒரு வரிகூட வரலையா?"

"வரல."

"மனசுக்குள்ள என்னதான் ஓடுச்சு?"

உதுமான் தரையைப் பார்த்தார்.

"என் மகன் சின்னதா இருந்தப்ப லாரியில கூட்டிட்டுப் போவேன். மலை ரோட்டுல பயந்து அழுவான். அப்ப ஒண்ணு சொல்லுவேன். அதுதான் வந்துச்சு."

"என்ன அது?"

"'தூங்குடா ராசா, அத்தா பார்த்து ஓட்டுறேன்'னு."

ஹஜ்ரத் மூடியிருந்த கிதாபை ஓரமாக நகர்த்தி வைத்தார்.

"வேதத்துலேர்ந்து ஒரு எழுத்துகூட இல்ல ஹஜ்ரத். அந்தப் பொண்ணு நம்பி நிக்குது. நான் வெறும் வாயால ஊதி அனுப்புறேன். நீங்களே சொல்லுங்க, இது ஏமாத்துறதுதானே?"

அழுகைச் சத்தம் கூடியது. ஹஜ்ரத் எழுந்தார்.

"செருப்பை மறந்துராதீங்க மாமு," என்றார். வீட்டுப் பக்கம் போய்விட்டார்.

உதுமான் அப்போது அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. மஃரிப் முடிந்து, வழக்கம்போலப் பின்கதவின் தாழ்ப்பாளில் கை வைத்தபோதுதான் விஷயம் உறைத்தது.

இனி அவர் இரவுத் தொழுகைக்கு வரப்போவதில்லை. நாளைக்கும் வரப்போவதில்லை. செருப்பு முன்வாசலில் கிடக்கிறது.

கையை எடுத்தார். எல்லோரும் போகட்டும் என்று தூணுக்குப் பின்னால் நின்றார். ஒவ்வொருவராக வெளியேறினார்கள். பேச்சுச் சத்தம் அடங்கியது. மோதினார் விளக்குகளை ஒவ்வொன்றாக அணைத்துக்கொண்டு வந்து தூணருகே நின்றார்.

"என்ன ராவுத்தரே, கால் ஆணியா?"

உதுமான் முன்வாசலுக்கு நடந்தார்.

படியில் ஒரே ஒரு ஜோடிச் செருப்பு கிடந்தது. அது அவருடையது இல்லை. சின்னச் செருப்பு. இப்போது அந்தத் தெருவில் எல்லோரும் செருப்பை எண்ணப் பழகியிருந்தார்கள். ஒரு ஜோடி பாக்கி இருந்ததால் வரிசை கலையவில்லை.

முதல் ஆள் முத்துப்பேச்சி. தர்ஷன் அவள் தோளில் சாய்ந்து, அவரைப் பார்த்துக் கையை நீட்டினான். தாடிக்குத்தான்.

"இன்னைக்கு முன்வாசலா பாய்?"

"வழி விடும்மா. என் செருப்பைத் தேடுறேன்."

"உங்க செருப்பு அந்தா இருக்கு," என்றாள் ஸ்டெல்லா. வரிசையின் கடைசியைக் காட்டினாள்.

வரிசையின் கடைசியில் இல்யாஸ் ஹஜ்ரத் நின்றார். தோளில் சுமையா கத்திக்கொண்டிருந்தாள். கையில் எவர்சில்வர் டம்ளர். காலில் உதுமானின் செருப்பு. பெரிய செருப்பு. முன்னால் இரண்டு விரல் அகலம் காலியாக இருந்தது.

உதுமான் பெண்களைத் தாண்டி ஓடினார்.

"ஹஜ்ரத், என்ன இது? இங்க வந்து நிக்கிறீங்க?"

"பிள்ளை அழுகுதுல்ல."

"எங்களை எல்லாம் முன்னாடி போகச் சொல்லிட்டுக் கடைசியில போய் நின்னுக்கிட்டாரு," என்று புகார் சொன்னாள் ஸ்டெல்லா. "நான் இடம் கொடுத்தேன். வாங்கல."

ஹஜ்ரத் டம்ளரை நீட்டினார்.

உதுமான் இரண்டு கையையும் பின்னால் கட்டிக்கொண்டார்.

"உங்களுக்குக் குர்ஆன் முழுசும் மனப்பாடம். நீங்க ஊதலாம். இப்பப் போன பதினாலு பேரும் ஊதியிருப்பாங்க."

"நானும் ஊதிட்டேன். அவங்களும் ஊதிட்டாங்க."

"அப்புறம் என்னத்துக்கு நான்? எனக்குத்தான் ஒண்ணும் தெரியாதுன்னு சொன்னேனே!"

கடைசி வார்த்தையில் பழைய லாரிக் குரல் வந்துவிட்டது. வரிசையில் இருந்த பிள்ளைகள் எல்லாம் ஒரு கணம் அழுகையை நிறுத்தின. சுமையாவும்தான். கன்னத்தில் கண்ணீரோடு உதுமானைப் பார்த்தாள்.

நீட்டிய டம்ளரை ஹஜ்ரத் இன்னும் இறக்கவில்லை. டம்ளரில் தண்ணீர் அலைந்தது.

உதுமான் கையை நீட்டி டம்ளரைத் தாங்கப் போனார். பிறகு குனிந்தார்.

ஹஜ்ரத் டம்ளரைச் சட்டென்று பின்னுக்கு இழுத்துக்கொண்டார்.

"இத்தனை வருஷமா நான் அந்தப் பக்கம்தான் நின்னிருக்கேன் மாமு. டம்ளர் இம்புட்டுக் கனக்கும்னு இன்னைக்குத்தான் தெரிஞ்சது," என்றார். "எனக்கு முன்னாடி ஏழு பேர் நிக்கிறாங்க. அங்கேர்ந்து வாங்க."