மூன்றாவது வளைவு

கோயம்புத்தூர்ப் பக்கம் கார்ப் பந்தயம் என்றால் அந்த நாளில் நாச்சிமுத்துதான். பம்புசெட் பட்டறையில் தொழிலைத் தொடங்கியவர். விபத்தில் நசுங்கிய காரொன்றை வாங்கி, கூரையை அறுத்தெறிந்துவிட்டுத் தம் கையாலேயே அதைப் பந்தய வண்டியாக்கினார். பிறகு, யாரும் சீந்தாமல் கிடந்த பழைய விமான ஓடுதளத்தைக் குத்தகைக்கு எடுத்தார். கழுதை மேய்ந்த இடத்தில் வருஷத்துக்கொரு தரம் ஊரே திரண்டது. அவர் வண்டியை ஓட்டக் கிடைக்காதா என்று பம்பாயிலிருந்தெல்லாம் ஓட்டுநர்கள் வந்து காத்திருந்தார்கள்.

ஆனால் அவரால் ஓரிடத்தில் உட்கார முடியாது. இலை முன்னால் உட்கார்ந்தாலும் வலது கால் தரையை மிதித்துக்கொண்டே இருக்கும்.

ஒரு வருஷம் பந்தயத்துக்கு இரண்டு நாள் முன் ஒத்திகை ஓட்டம் நடந்தது. மூன்றாவது வளைவில் அவருடைய சொந்த வண்டியின் முன்சக்கரம் கழன்றது. கூட்டத்தைத் தடுக்கக் கட்டியிருந்த கயிற்றைத் தாண்டிப் பறந்து, அந்தப் பக்கத்து மண்மேட்டில் போய் விழுந்தது. பந்தயத்தன்று சனம் நெருக்கியடித்து நிற்கிற மேடு அது. ஒத்திகை நாளென்பதால் அங்கே யாரும் இல்லை.

"இனிமேல் கழலாதுங்க. நானே முடுக்கிட்டேன்" என்றார் மெக்கானிக் சவரியப்பன். "எதுக்கும் கயித்தைப் பின்னால தள்ளிக் கட்டலாமுங்களா?"

"வேண்டாம். அப்புறம் பாதிப் பேருக்கு ஒண்ணும் தெரியாது" என்றார் நாச்சிமுத்து.

அன்று இரவு அவருக்குத் தூக்கம் வரவில்லை. விடிந்ததும் மருதமலைப் பக்கம் வண்டியை விட்டார். அங்கே ஒரு குடிலில் நீலாம்பிகை என்ற துறவி இருந்தார். நாச்சிமுத்துவைவிட வயதில் இளையவர். ஆனாலும் அவரைத்தான் நாச்சிமுத்து குருவாகக் கொண்டிருந்தார்.

"மனசு நிக்க மாட்டேங்குதுங்கம்மா. கண்ணை மூடினா வண்டி ஓடுது. ஏதாவது மந்திரம் சொல்லிக் குடுங்க."

துறவி கீரை ஆய்ந்துகொண்டிருந்தார். "நாளைக்குப் பந்தயம் இல்லீங்களா?"

"ஆமாங்க."

"பாக்கறதுக்கு எந்த இடம் நல்லா இருக்கும்?"

எல்லோருக்கும் சொல்லிப் பழகிய பதில் தானாக வாயில் வந்தது. "மூணாவது வளைவுங்க. மண்மேட்டுல நின்னா வண்டி மூஞ்சியை உரசிட்டுப் போற மாதிரி இருக்கும். சனம் அதுக்குத்தானே வருது."

"நானும் வர்றேன்."

"மேடையில நாற்காலி போட்டு வைக்கறேங்க" என்று அவசரமாகச் சொன்னார். சக்கரம் கழன்றதைச் சொல்லவில்லை. துறவியும் மந்திரம் எதுவும் சொல்லித் தரவில்லை.

மறுநாள் மேடையில் அந்த நாற்காலி காலியாக இருந்தது. வண்டிகள் வரிசையில் நின்று உறுமின. கொடியைப் பிடித்துக்கொண்டிருந்த நாச்சிமுத்து நிலைகொள்ளாமல் இங்கும் அங்கும் பார்த்தார். பைனாகுலரைத் திருப்பினார். மூன்றாவது வளைவு. மண்மேடு. கயிற்றை ஒட்டி, கூட்டத்தின் முதல் வரிசையில் ஒரு காவிச் சேலை.

கொடியைச் சவரியப்பன் கையில் திணித்தார். "நான் வர்றவரைக்கும் ஒரு வண்டியும் நகரக்கூடாது" என்று சொல்லிவிட்டு ஓடினார். வழியில் ஒரு செருப்பு கழன்றது. எடுக்க நிற்கவில்லை.

"அம்மா, இங்க நிக்காதீங்க. வாங்க."

"நல்ல இடம்னு நீங்கதானே சொன்னீங்க?"

"சொன்னேங்க. தப்புங்க. முந்தாநாள் இதே இடத்துலதான் சக்கரம் கழண்டு வந்து விழுந்துச்சு." மூச்சு வாங்கியது. கைகளைக் கூப்பினார். "உங்களுக்கு ஒண்ணு ஆச்சுன்னா என்னால தாங்க முடியாதுங்கம்மா. உங்க கால்ல வேணாலும் விழறேன்."

துறவி பக்கத்தில் பார்த்தார். ஒருவர் மகளைத் தோளில் ஏற்றி வைத்திருந்தார். அந்தக் குழந்தை அவர் தலைமுடியைப் பிடித்துக்கொண்டு வேர்க்கடலை தின்றுகொண்டிருந்தது.

"வர்றேன். இவங்கெல்லாம் போன பிறகு."

நாச்சிமுத்து மேடைக்குத் திரும்பி மைக்கைப் பிடித்தார். மூன்றாவது வளைவில் நிற்பவர்கள் உடனே மேட்டைவிட்டு இறங்க வேண்டும், இது உத்தரவு என்றார். கூட்டம் ஊளையிட்டது. ஒரு சோடா பாட்டில் பறந்து வந்து ஓடுதளத்தில் உடைந்தது. ஒருவரும் அசையவில்லை.

மறுபடியும் துறவியிடம் வந்தார். "கேக்க மாட்டேங்கறாங்கம்மா. நான் என்ன செய்யட்டும்?"

"என்னைக் கூப்பிட்ட மாதிரி கூப்பிட்டுப் பாருங்க."

நாச்சிமுத்து தலையைக் குனிந்துகொண்டார். வண்டிகள் அங்கே உறுமிக்கொண்டே இருந்தன. பிறகு, குழந்தையைத் தோளில் வைத்திருந்தவரிடம் போனார். கைகளைக் கூப்பினார். சக்கரம் விழுந்த இடத்தைக் காட்டினார். அந்த மனிதர் மண்ணில் இருந்த பள்ளத்தைப் பார்த்தார், குழந்தையை இறக்கி இடுப்பில் வைத்துக்கொண்டார், நடந்தார். நாச்சிமுத்து அடுத்தவரிடம் போனார். அதற்கடுத்தவரிடமும். சிலர் திட்டினார்கள். ஒருவர் சட்டையைப் பிடித்தார். "பட்டறைக்காரனுக்குப் பயம் வந்துடுச்சு" என்று யாரோ சிரித்தார்கள். எல்லோரிடமும் கைகூப்பிச் சொல்லிக்கொண்டே போனார்.

மேட்டில் கடைசியாக நின்றவர் துறவிதான். அவரும் இறங்கிய பிறகு, மேட்டுக்கு வெகுதூரம் பின்னால், வயலோரம் புதிதாகக் கயிறு கட்டினார்கள்.

பந்தயம் வெயில் தாழ்ந்துதான் தொடங்கியது. அதற்குள் பாதிப் பேர் வீட்டுக்குப் போயிருந்தார்கள். மீதிப் பேருக்குத் தூரத்தில் புழுதிதான் தெரிந்தது. ஒரு சக்கரமும் கழலவில்லை. நாச்சிமுத்துவின் வண்டி மூன்றாவதாக வந்தது. கைதட்டக்கூட ஆளில்லை.

மேடை பிரிக்கும்போது நாச்சிமுத்து துறவியின் பக்கத்தில் வந்து நின்றார். ஒரு காலில் இன்னும் செருப்பில்லை.

"அந்த மேடுதாங்க என் பந்தயம். இனி அங்க நிக்க முடியாதுன்னு ஊருக்கெல்லாம் தெரிஞ்சு போச்சு. அடுத்த வருஷம் யாருங்கம்மா வருவாங்க?"

"நான் வருவேன்" என்றார் துறவி. "எங்க நிக்கறதுன்னு மட்டும் நீங்க சொல்லுங்க."