பாடகி வளர்ந்த விதம்

தென்கொரியாவில் மொக்போ என்கிற துறைமுக ஊர். அங்கே தபால் நிலையத்து மாடியில் சனிக்கிழமைதோறும் காலையில் ஒரு பாட்டு வகுப்பு நடந்துவந்தது. சொல்லிக்கொடுத்தவள் பெயர் தோ யுன்சுல். இருபத்துமூன்று வயது. அவள் குரல் ஒலிக்காத டாக்சி அந்த நாட்டில் கிடையாது. கற்றுக்கொள்ள வந்தவர்கள் ஒன்பது பேர். எல்லாரும் அவளைவிட இரண்டு மடங்கு வயதானவர்கள். சுங்க இலாகாவில் வேலை பார்த்து ஓய்வுபெற்றவர் ஒருவர், பல் மருத்துவரின் மனைவி, கப்பலில் சமையல்காரராக இருந்தவர், இப்படி.

பத்தாவதாக மியோங்ஜா வந்து சேர்ந்தாள். சந்தையில் கிம்ச்சி என்கிற முட்டைக்கோஸ் ஊறுகாயும் நெத்திலி வறுவலும் விற்கிற கடைக்காரி. நாற்பத்தாறு வயது. அவளுக்குப் பாட்டு வராது. உண்மையில் அவள் பாட்டு கற்கவும் வரவில்லை.

விஷயம் இதுதான். அவளுடைய ஒரே மகள் ஆரினுக்குப் பன்னிரண்டு வயது. பள்ளி விழாவில் அவள் பாடியதைக் கேட்டு, சியோலில் உள்ள ஒரு இசை நிறுவனம் அவளைத் தேர்ந்தெடுத்திருந்தது. பள்ளியை விட வேண்டும். விடுதியில் தங்க வேண்டும். ஏழு வருடம் பயிற்சி. அதன் பிறகு மேடை ஏற்றுவார்கள், ஏற்றாமலும் போகலாம். கையெழுத்துப் போட மாதக் கடைசி வரை அவகாசம். கணவர் சாங்கு மீன் லாரி ஓட்டுகிறவர். "உனக்குத்தான் விவரம் தெரியும், நீயே முடிவு செய்" என்று சொல்லிவிட்டு லாரியில் ஏறிவிட்டார்.

மியோங்ஜாவுக்கு என்ன விவரம் தெரியும்? அதே ஊரில் பிறந்து, அதே வழியில் போய், நாடே கொண்டாடும்படி ஆனவள் ஒருத்தி சனிக்கிழமைதோறும் வருகிறாளே, அவளிடம் கேட்டால் தெரிந்துவிடும் என்று நினைத்தாள்.

முதல் நாள் யுன்சுல் கேட்டாள். "எதற்காகப் பாட்டு கற்க வந்தீர்கள், அம்மா?"

"சும்மா, ஒரு ஆசை."

யுன்சுல் அதற்கு மேல் கேட்கவில்லை. "மூச்சு முடியும்வரை 'ஆ' என்று பிடியுங்கள்" என்றாள்.

மியோங்ஜா பிடித்தாள். தண்ணீர் நின்றுபோன குழாயிலிருந்து வருவதுபோல ஒரு சத்தம் வந்தது. சுங்க அதிகாரி ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார்.

வகுப்பு முடிந்து எல்லாரும் இறங்கிப் போன பிறகு மியோங்ஜா கைப்பையிலிருந்து ஒரு நோட்டை எடுத்தாள்.

"டீச்சர், நீங்கள் எந்த வயதில் பாட ஆரம்பித்தீர்கள்?"

"நான்கு."

"யார் சொல்லிக்கொடுத்தார்கள்?"

"யாரும் இல்லை. பாலர் பள்ளியில் எல்லாரும் பாடினார்கள். நானும் பாடினேன்."

மியோங்ஜா 'நான்கு வயது' என்று எழுதி அடிக்கோடிட்டாள். ஆரின் எட்டு வயதில்தான் பாட ஆரம்பித்தாள். நான்கு வருடம் வீணாகிவிட்டதே என்று வழியெல்லாம் மனசு அடித்துக்கொண்டது.

அடுத்த சனிக்கிழமை வேறு கேள்வி.

"உங்கள் வீட்டில் எப்போதும் பாட்டு கேட்டுக்கொண்டே இருக்குமாம். பத்திரிகையில் படித்தேன்."

யுன்சுல் சிரித்தாள். "அப்பா கப்பல் கட்டும் தளத்தில் இரவு வேலை பார்த்தார். பகலில் தூங்குவார். ஒரு கரண்டி கீழே விழுந்தால்கூடத் திட்டு விழும். நாங்கள் வீட்டில் காதோடு காதாகத்தான் பேசிக்கொள்வோம்."

"அப்படியென்றால் அமைதிதான் காரணமா?"

"எதற்குக் காரணம்?"

"இவ்வளவு பெரிய ஆளாக வந்ததற்கு."

"எங்கள் தெருவில் பாதி வீட்டில் இரவு வேலைக்காரர்கள்தான் இருந்தார்கள், அம்மா."

மியோங்ஜா பின்பாதியைக் காதில் வாங்கவில்லை. 'அமைதியான வீடு' என்று எழுதிக்கொண்டாள். அன்றே டிவியின் வயரைப் பிடுங்கினாள். கதவுகள் சத்தம் போடாமல் இருக்கக் கீல்களுக்கு எண்ணெய் விட்டாள். கணவரை ஜாடையில் சாப்பிடக் கூப்பிட்டாள். மூன்றாம் நாள் ஆரின் பயந்துபோய், "அம்மா, யாராவது செத்துவிட்டார்களா?" என்று கேட்டாள்.

மூன்றாவது சனிக்கிழமை அவள் படிப்பைப் பற்றிக் கேட்டாள்.

"பதின்மூன்று வயதில் பள்ளியை விட்டேன்" என்றாள் யுன்சுல். "நிறுவனத்தில் ஒரு வாத்தியார் வைத்தார்கள். அவர் வரும்போது நாங்கள் தூங்கி வழிவோம். இருபது வயதில் தனியாகப் பரீட்சை எழுதித் தேறினேன்."

"படிப்பை விட்டது நல்லதுதானா?"

யுன்சுல் கையை நீட்டி அந்த நோட்டை வாங்கினாள். ஒரு பக்கத்தில் தன் பெயர், தெருப் பெயர், அன்றைய தேதி எல்லாம் எழுதித் திருப்பிக் கொடுத்தாள். எழுத்துகள் பெரிதும் சிறிதுமாக, கோட்டின் மேல் நிற்காமல், ஆறாம் வகுப்புப் பிள்ளை எழுதியதுபோல இருந்தன.

"ரசிகர்கள் இதை அழகு என்கிறார்கள்" என்றாள் யுன்சுல்.

மியோங்ஜா அந்தப் பக்கத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். இதன் கீழே என்ன எழுதுவது என்று அவளுக்குத் தெரியவில்லை.

நான்காவது சனிக்கிழமை வந்தது. கையெழுத்துப் போட இன்னும் நான்கே நாள். வகுப்பு முடிந்ததும் மியோங்ஜா நிறுவனத்தின் கடிதத்தையும் நோட்டையும் யுன்சுலின் முன்னால் வைத்தாள்.

"நான் பாட வரவில்லை, டீச்சர். மன்னித்துவிடுங்கள்."

"முதல் நாளே தெரியும்."

"எப்படி?"

"பாட வருகிறவர்கள் நோட்டு கொண்டுவந்தால் அதில் பாட்டை எழுதுவார்கள்."

மியோங்ஜாவின் முகம் சிவந்தது. இருந்தாலும் விடவில்லை. "ஒன்றே ஒன்று சொல்லுங்கள். உங்களை இப்படி ஆக்கியது எது? அதை மட்டும் தெரிந்துகொண்டால் போதும். என் மகளுக்கும் அதையே செய்வேன்."

யுன்சுல் கடிதத்தை முழுவதும் படித்தாள். மடித்துத் திருப்பிக் கொடுத்தாள். "எனக்கு இப்போது வேறொரு வகுப்பு இருக்கிறது. கூட வாருங்கள்" என்றாள்.

வாசலில் ஒரு மஞ்சள் கார் நின்றது. கூரைமேல் 'ஓட்டப் பழகுபவர்' என்று பலகை. உள்ளேயிருந்து உயரமான ஒரு பெண் இறங்கினாள். ஓட்டுநர் பயிற்சிப் பள்ளியின் சீருடை போட்டிருந்தாள்.

"இவள் மிரே" என்றாள் யுன்சுல். "எனக்கு வண்டி ஓட்டச் சொல்லித்தருகிற டீச்சர். மிரே, இந்த அம்மா சில கேள்விகள் வைத்திருக்கிறார். என்னிடம் கேட்டதையெல்லாம் உன்னிடமும் கேட்பார்."

மியோங்ஜா பின்னால் உட்கார்ந்தாள். யுன்சுல் ஸ்டியரிங்கை இரண்டு கையாலும் இறுக்கிப் பிடித்தாள். கார் ஒரு குலுக்குக் குலுக்கிவிட்டுக் கடலோரச் சாலையில் நகர்ந்தது.

"எந்த வயதில் பாட ஆரம்பித்தீர்கள்?" என்று மியோங்ஜா தயங்கித் தயங்கிக் கேட்டாள். ஓட்டுநர் பள்ளி டீச்சரிடம் இதைக் கேட்க அவளுக்கே கூச்சமாக இருந்தது.

"நான்கு" என்றாள் மிரே. "இவளும் நானும் ஒரே பாலர் பள்ளி. பிரேக்கைத் தொடு, யுன்சுல்."

"வீட்டில்?"

"ஒரே தெரு. என் அப்பாவும் இரவு வேலைதான். வீட்டில் கிசுகிசுவென்றுதான் பேசுவோம்."

"பள்ளிக்கூடம்?"

"பதின்மூன்றில் விட்டேன். ஒரே நாளில் இரண்டு பேரையும் எடுத்தார்கள். ஒரே பஸ்ஸில் சியோலுக்குப் போனோம். விடுதியில் இவள் கீழ்க்கட்டில், நான் மேல்கட்டில். இடது பக்கம் லாரி வருகிறது, பார்."

மியோங்ஜா நோட்டின் பக்கங்களைத் திருப்பினாள். எழுதிவைத்திருந்த மற்றதையும் ஒவ்வொன்றாகக் கேட்டாள். ஒவ்வொன்றும் பொருந்தியது. காலை ஐந்து மணிக்கு எழுந்ததும், வெறும் வேகவைத்த கோழி தின்றதும், கண்ணாடி முன்னால் நின்று சிரிக்கப் பழகியதும், எல்லாம்.

"எத்தனை வருடம்?"

"ஏழு."

"இரண்டு பேரில் யார் நன்றாகப் பாடுவீர்கள்?"

"மிரேதான்" என்றாள் யுன்சுல், சாலையைவிட்டுக் கண்ணை எடுக்காமல்.

"அது உண்மைதான்" என்றாள் மிரே.

"பிறகு ஏன் உங்களை மேடை ஏற்றவில்லை?"

"ஐந்து பேர் கொண்ட குழு. ஐந்து பேரும் ஒரே உயரத்தில் இருக்க வேண்டும் என்றார்கள். அந்த வருடம் நான் ஏழு சென்டிமீட்டர் வளர்ந்துவிட்டேன்."

வலப்பக்கம் கடல் வெயிலில் பளபளத்தது.

"வருத்தம் இல்லையா?"

மிரே யோசித்தாள். "முதல் வருடம் டிவி இருக்கிற அறைக்குள்ளேயே போக மாட்டேன். இப்போது என் மாணவர்கள் இவள் பாட்டைப் போட்டுக்கொண்டுதான் வண்டி ஓட்டுகிறார்கள். வருத்தம் உண்டு. எல்லா நாளும் இல்லை."

சிக்னலில் சிவப்பு விழுந்தது. கார் நின்றது. மியோங்ஜா முன் இருக்கையைப் பிடித்துக்கொண்டு முன்னால் நகர்ந்தாள்.

"டீச்சர், நான் ஆரினை அனுப்பட்டுமா, வேண்டாமா?"

யுன்சுல் கண்ணாடியில் அவளைப் பார்த்தாள். "ஆரின் என்ன சொல்கிறாள்?"

"அவளுக்குப் பாட்டு என்றால் உயிர்."

"அது தெரிகிறது. ஆரின் என்ன சொல்கிறாள்?"

மியோங்ஜா மடியிலிருந்த நோட்டைப் புரட்டினாள். ஆரின் சொன்னதாக ஒரு வரிகூட அதில் இல்லை. ஆரினிடம் அவள் கேட்டதே இல்லை.

"பச்சை விழுந்துவிட்டது. போ" என்றாள் மிரே.

ஞாயிற்றுக்கிழமை காலை கடை விடுமுறை. அம்மாவும் மகளும் சமையலறைத் தரையில் உட்கார்ந்து பூண்டு உரித்தார்கள். மியோங்ஜா நான்கு பூண்டு உரித்த பிறகு கேட்டாள்.

"ஆரின், சியோலுக்குப் போகிறாயா?"

ஆரின் நிமிர்ந்து பார்த்தாள். கேலி செய்கிறாளா என்று அம்மாவின் முகத்தில் தேடினாள். பிறகு மறுபடி குனிந்து உரிக்க ஆரம்பித்தாள்.

"போனால் எப்போது திரும்பி வருவேன்?"

"ஏழு வருடம்."

"நடுவில் பிடிக்காமல் போனால்?"

மியோங்ஜா அதைக் கடிதத்தில் தேடிப் பார்த்ததே இல்லை.

"எனக்கு இப்போது தெரியவில்லை, அம்மா. போகவும் ஆசையாக இருக்கிறது, பயமாகவும் இருக்கிறது. அடுத்த வருடம் கேட்கிறாயா?"

"கேட்கிறேன்."

திங்கட்கிழமை மியோங்ஜா நிறுவனத்துக்கு போன் செய்தாள். மறுமுனையில் பேசியவர் மிகவும் மரியாதையாகப் பேசினார். ஒரு வருடம் காத்திருக்கிற வழக்கம் தங்களுக்கு இல்லை என்றார். வரிசையில் நிறையப் பிள்ளைகள் நிற்கிறார்கள் என்றார். ஆரினுக்குத் தம் வாழ்த்துகளைச் சொல்லச் சொன்னார்.

செய்தியைக் கேட்டு ஆரின், "சரி" என்றாள். அறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள். எண்ணெய் போட்ட கதவு சத்தமே இல்லாமல் மூடிக்கொண்டது. அவள் அழுதது மட்டும் கேட்டது. இருட்டும்வரை அழுதாள். மீன் குழம்பைத் தொடவில்லை. வாசலில் லாரியை நிறுத்திவிட்டு வந்த சாங்கு, "என்ன ஆயிற்று?" என்றார். மியோங்ஜா இரண்டு முறை நிறுவனத்தைக் கூப்பிடப் போனை எடுத்தாள். இரண்டு முறையும் வைத்துவிட்டாள்.

ஐந்தாவது சனிக்கிழமை அவள் மாடிப்படி ஏறி வந்தபோது கை வெறுமையாக இருந்தது. வகுப்பில் மற்றவர்களோடு நின்று பாடினாள். மோசமாகத்தான் பாடினாள். சுங்க அதிகாரி இந்தத் தடவையும் ஜன்னல் பக்கம் திரும்பினார். எல்லாரும் போன பிறகு யுன்சுல் நாற்காலிகளை மடக்கி அடுக்கிக்கொண்டிருந்தாள். மியோங்ஜாவும் ஒன்றை மடக்கினாள்.

"அவளிடம் கேட்டேன், டீச்சர். அடுத்த வருடம் கேட்கச் சொன்னாள். அவர்கள் காத்திருக்க மாட்டோம் என்றுவிட்டார்கள்."

"ஆரின் எப்படி இருக்கிறாள்?"

"அழுதாள். நேற்றிலிருந்துதான் பேசுகிறாள். நான் பிழை செய்துவிட்டேனா? கேட்காமலே அனுப்பியிருந்தால் நாளைக்கு அவளும் உங்களைப்போல ஆகியிருப்பாளோ?"

"ஆகியிருக்கலாம்."

மியோங்ஜா மடக்கிய நாற்காலியைக் கையில் பிடித்தபடியே நின்றாள். கீழே தபால் நிலையத்தில் யாரோ முத்திரை குத்தும் சத்தம் கேட்டது.

"உங்களை அனுப்பும்போது உங்கள் அம்மா உங்களிடம் கேட்டாரா, டீச்சர்?"

"இல்லை."

"கேட்டிருந்தால்?"

யுன்சுல் அவள் கையிலிருந்த நாற்காலியை வாங்கிச் சுவரோரம் சாய்த்து வைத்தாள்.

"போகிறேன் என்றுதான் சொல்லியிருப்பேன். ஆனால் அது நான் சொன்னதாக இருந்திருக்கும்."