குளிர்ந்த நூடுல்ஸும் இரண்டு பத்து பஸ்ஸும்

“குருவே, இன்னைக்கு என் பொண்ணு வர்றா. அவகிட்ட என்ன பேசறது?”

கேட்டவர் வைரவன். ஒட்டன்சத்திரம் பஸ் ஸ்டாண்டில் டைம் கீப்பர். வயது ஐம்பத்தாறு.

கேட்கப்பட்டவர் குரு. பெயர் அமுதினி. மூன்றாவது மாடி வீட்டில் தியான வகுப்பு நடத்துகிறவர். வயது இருபத்தொன்பது.

மணி காலை எட்டு. குரு வெள்ளரிக்காய் நறுக்கிக்கொண்டிருந்தார். நிமிரவில்லை.

“எத்தனை மணிக்கு?”

“பன்னெண்டுக்கு. பத்தாவது, பன்னெண்டாவது சர்ட்டிபிகேட்டை எடுத்துக்கிட்டு ரெண்டு பத்து பஸ்ஸுக்கே கிளம்பிடுவாளாம். அதுவும் மெசேஜ்ல. ஏழு மாசமா பேச்சே இல்ல. இந்த ரெண்டு மணி நேரத்த விட்டா அப்புறம் எப்ப வருவாளோ!”

“கடைசியா என்ன பேசினீங்க?”

வைரவன் ஜன்னல் வரை போனார். வந்தார். மறுபடி போனார்.

“சீனாவுல டாக்டருக்குப் படிச்சா. மூணாவது வருஷம், ‘முடியலப்பா, வந்துடறேன்’னா. ‘படிச்சு முடிக்காம என் வாசப்படிய மிதிக்காதே’ன்னேன்.”

“மிதிச்சாளா?”

“மிதிக்கல. கோயம்புத்தூர்ல ஏதோ கம்பெனி. சீனாக்காரன் பேசறத இவ தமிழ்ல சொல்றாளாம்.”

“சீனாவுல என்ன விரும்பிச் சாப்பிட்டா?”

“நான் என்ன கேக்கறேன், நீங்க என்ன கேக்கறீங்க!”

குரு நறுக்கினார்.

“…ஏதோ நூடுல்ஸ். வேர்க்கடலைய அரைச்சு ஊத்தி, ஜில்லுன்னு. அப்பல்லாம் போட்டோ அனுப்புவா.”

“அதைச் செய்யுங்க அண்ணே.”

“செஞ்சு?”

“வைங்க.”

“வச்சு?”

குரு அடுத்த வெள்ளரிக்காயை எடுத்தார்.

•

முக்கால் மணி நேரத்தில் வைரவன் திரும்பி வந்தார். கையில் டிபன் பாக்ஸ். மூன்று மாடியும் ஓட்டமாகவே ஏறியிருந்தார்.

மூடியைத் திறந்தார். ஆவி வந்தது. பின்னாலேயே கடுகு, உளுத்தம்பருப்பு, கறிவேப்பிலை.

“இடியாப்பத்துக்குக் கடலைச் சட்னி ஊத்தியிருக்கீங்க,” என்றார் குரு.

“சுடச்சுட இருக்கு பாருங்க!”

குரு பார்த்தார். எல்லாவற்றையும் அப்படியே வடிதட்டில் கொட்டினார். குழாயைத் திறந்து அடியில் பிடித்தார்.

“அய்யய்யய்யோ!”

கீழ்வீட்டு மாமி குரல் கொடுத்தார்: “யாருக்குடியம்மா என்ன ஆச்சு?”

“நூடுல்ஸுக்கு, மாமி!”

“சோத்தப் போய் பைப்புல பிடிக்கிறீங்களே!” என்றார் வைரவன். “வெளங்குமா? புள்ள எங்கெங்கேயோ அலைஞ்சிட்டு வருது. பச்சத் தண்ணி மாதிரி எதையாவது எடுத்து வச்சா, அப்பனுக்கு நாம வந்தது புடிக்கலன்னு நினைக்காதா?”

குரு புதிதாக ஒரு பாக்கெட் நூடுல்ஸை நீட்டினார்.

“வேக வைங்க. கொஞ்சம் விறைப்பா இருக்கும்போதே வடிச்சிடுங்க. தண்ணியில அலசுங்க, சூடு சுத்தமாப் போகணும். நல்லெண்ணெய் விட்டுப் பிசறி பிரிட்ஜுல வைங்க.”

“எவ்வளவு நேரம்?”

“அவ வர்ற வரைக்கும்.”

“அதுவரைக்கும் நான் என்ன பண்றது?”

குரு வறுத்த கடலையையும் மிக்ஸி ஜாரையும் அவர் முன்னால் தள்ளினார்.

•

கடலை விழுதானது. அதில் சோயா சாஸ் விழுந்தது. வினிகர் விழுந்தது. பூண்டு, சர்க்கரை, மிளகாய் எண்ணெய் விழுந்தன.

“இப்ப தண்ணி. ஒரு ஸ்பூன்.”

வைரவன் ஊற்றிக் கலக்கினார். விழுது இளகவில்லை. இறுகியது.

“குருவே, கட்டியாயிடுச்சு.”

“இன்னொரு ஸ்பூன்.”

“ஐயோ, இன்னும் கட்டியாகுது! தண்ணி ஊத்தினா தண்ணியாத்தானே ஆகணும்? திரிஞ்சுபோச்சு. தூக்கிப் போட்டுட்டு வேற அரைச்சிடறேன். மணி ஒன்பதே முக்கால்!”

“இன்னொரு ஸ்பூன்.”

அவர் பல்லைக் கடித்துக்கொண்டு ஊற்றினார். கலக்கினார். கரண்டி சட்டென்று லேசானது. விழுது வழவழவென்று பளபளத்து, தூக்கினால் நாடா மாதிரி இறங்கியது.

வைரவன் வாயைப் பிளந்தார்.

“புரிஞ்சுபோச்சு குருவே! இதானே தத்துவம்? இறுகினாலும் விடாம…”

“இது சாஸ்,” என்றார் குரு. “நூடுல்ஸ், வெள்ளரிக்காயோட டப்பாவுல எடுத்துக்கிட்டு வீட்டுக்குப் போங்க. அங்கயும் பிரிட்ஜுல வைங்க.”

•

பன்னிரண்டு மணிக்கு நிறைமதி வந்தாள். செருப்பைக் கழற்றலாமா வேண்டாமா என்று ஒரு நொடி நின்றாள். கழற்றினாள்.

“சர்ட்டிபிகேட் எங்க?”

“உன் ரூமு… பீரோவுல.”

உள்ளே போனாள். கதவைச் சாத்திக்கொண்டாள்.

வைரவன் பிரிட்ஜைத் திறந்தார். மூடினார். திறந்தார். நூடுல்ஸைத் தட்டில் வைத்தார். மேலே சாஸ் ஊற்றினார். வெள்ளரிக்காயைத் தூவினார். தட்டை மேசையில் வைத்தார். கொஞ்சம் தள்ளி வைத்தார். பழைய இடத்திலேயே வைத்தார்.

பன்னிரண்டரை. ஒன்று. ஒன்றேகால்.

கதவு சாத்தியே இருந்தது. வைரவன் குருவுக்குப் போன் போட்டார். ரகசியம் பேசிப் பழக்கமில்லாத தொண்டை. வாயைக் கையால் பொத்திக்கொண்டார்.

“குருவே, உள்ள போனவ வெளியவே வரல. அழுறாளா, தூங்கறாளா, ஒண்ணும் தெரியல. எப்படிக் கூப்பிடறது?”

“சாப்பிட வழக்கமா எப்படிக் கூப்பிடுவீங்க?”

“அதுல என்ன இருக்கு? ‘ஏய், ஆறிப் போகுது, வா! எத்தனை தடவை கத்தறது, ஆறிப் போகுதுல்ல!’ ஒண்ணாங்கிளாஸ்ல இருந்து அப்படித்தான்.”

“அப்படியே கூப்பிடுங்க.”

வைரவன் கதவுப் பக்கம் திரும்பினார். மூச்சை இழுத்தார். வாயைத் திறந்தார்.

தட்டைப் பார்த்தார்.

“குருவே… இது ஏற்கெனவே ஆறித்தானே கிடக்கு?”

மறுமுனையில் போனை வைத்தாகிவிட்டது.

வைரவன் வாயை மூடினார். நாற்காலியைச் சத்தம் வராமல் தூக்கிப் போட்டு உட்கார்ந்தார்.

ஒன்றரை.

ஒன்று ஐம்பதுக்கு வீட்டை விட்டு இறங்கினால்தான் ரெண்டு பத்தைப் பிடிக்கலாம். அது அவருக்குத் தெரியாதா? ‘நேரமாச்சு’ என்பது நாக்கு நுனி வரை வந்தது. விழுங்கினார். வலது கால் தானாக ஆடியது. அதைக் கையால் பிடித்துக்கொண்டார்.

ஒன்று ஐம்பது.

இரண்டு.

இரண்டு பத்து.

கதவு திறந்தது. தலை மட்டும் எட்டிப் பார்த்தது.

“என்னப்பா,” என்றாள் நிறைமதி, “சத்தமே காணோம்?”