காற்றின் மேல் ஒரு வழக்கு

குளத்தங்கரை ஈச்சமரத்தில் மஞ்சக்கொண்டை, முடிச்சன் என்ற இரண்டு ஆண் தூக்கணாங்குருவிகள் கூடு பின்னிக்கொண்டிருந்தன. அந்த இனத்தில் ஒரு வழக்கம் உண்டு. ஆண் பாதிக் கூட்டைக் கட்டித் தொங்கவிடும். பெண் வந்து உள்ளே புகுந்து பார்க்கும். பிடித்தால்தான் குடித்தனம்! மழைக்காலம் முடிவதற்குள் கூடு இல்லையென்றால் அந்த வருஷம் குஞ்சும் இல்லை.

ஒரு மத்தியானம் இரண்டும் இரை தின்றுவிட்டுத் திரும்பின. மரத்தைச் சுற்றிச் சுற்றிப் பறந்தன.

கூடு தொங்கிய ஓலையைக் காணோம்! கூடுகளையும் காணோம்! சூறைக்காற்று முறித்துக் குளத்தில் போட்டிருந்தது.

"ஐயையோ! பட்டப்பகல்ல இப்படி ஒரு அநியாயமா!" என்று அலறியது மஞ்சக்கொண்டை.

 முடிச்சனுக்கு இறக்கை வெடவெடவென்று நடுங்கியது.  ஆனாலும் நார் கிழிக்க நாணல் புதருக்குக் கிளம்பியது.

"எங்கே போறே? காத்தை நாலு கேள்வி கேட்க வேண்டாமா?"

"கேட்டா நின்னு பதில் சொல்லுமா?"

"சொல்லாது!"

"அப்போ அதை விடு. அலகு என்னோடது. அது இன்னும் முறியலே."

மஞ்சக்கொண்டை திகைத்தது. "உனக்கென்ன நெஞ்சு கல்லா?"

"இன்னும் நடுங்குது, பாரு. நடுங்கிக்கிட்டே நார் கிழிக்கலாம்!"

சில நாளில் சிட்டாள் என்ற பெண் குருவி வந்தது. முடிச்சனின் புதுக் கூட்டில் ஒரு நாரை இழுத்துப் பார்த்தது. "தொளதொளன்னு இருக்கு. வேண்டாம்!" என்று பறந்தே போய்விட்டது.

அடுத்த இடி! முடிச்சன் தலையைத் தொங்கப் போட்டது. "அவ மனசு அவளோடது, முடிச்சு என்னோடது" என்று முனகிக்கொண்டே பிரித்து மறுபடி பின்னியது.

மஞ்சக்கொண்டை சும்மா இருக்கவில்லை. காகம், மைனா, மீன்கொத்தி எல்லாரையும் கூட்டிப் பஞ்சாயத்து வைத்தது. தினமும் பேச்சுதான்! வாரக்கணக்கில் இழுத்துக் கடைசியில் தீர்ப்பும் வந்தது.

"காத்து செஞ்சது தப்பேதான்!"

"ஜெயிச்சுட்டேன்!" என்று கத்திக்கொண்டே மரத்துக்குப் பறந்தது மஞ்சக்கொண்டை. அங்கே முடிச்சனின் கூட்டிலிருந்து குஞ்சுகளின் சத்தம்! வாசலில் இரையோடு, திரும்பி வந்துவிட்ட சிட்டாள்! வானம் வெளுத்து மழைக்காலமும் முடிந்துவிட்டது. வேறு பெண் குருவி ஒன்றுகூட மிச்சமில்லை.

"ஐயோ! என் கூடு எங்கே?"

"நீ மறுபடி கட்டவே இல்லையே!" என்றது சிட்டாள்.

நம் கையில் இல்லாததோடு மல்லுக்கட்டாமல் கையில் இருப்பதை ஒழுங்காகச் செய் என்று பழைய கிரேக்க ஞானிகள் சொன்னது, கூடு கலைந்த எவருக்கும் இன்றைக்கும் பொருந்தும்.