செத்த செம்பும் கொஞ்சம் நெய்யும்

“சாமி, காவித் துணி எப்போ தருவீங்க?”

ஆவுடையப்பன் இதைக் கேட்பது புதிதல்ல. அன்று கொஞ்சம் கோபமாகவே கேட்டார்.

வெங்காரச் சாமி கம்பங்கூழ் குடித்துக்கொண்டிருந்தார். கூழ்ச் சட்டி கையில் இருக்கும்போது கடவுளே வந்து கேட்டாலும், மோர்மிளகாயைக் கடித்து முடித்த பிறகுதான் பதில்.

தும்பைமலையில் மருந்து செய்பவர் அவர். வெங்காரம் போட்டு உலோகம் உருக்குவதில் கைதேர்ந்தவர் என்பதால் ஊரார் வைத்த பெயர் அது. வயது நாற்பதைத் தாண்டவில்லை. சீடர் ஆவுடையப்பனுக்கோ அறுபது நெருங்குகிறது. அதனால் குரு சீடரை “அண்ணாச்சி” என்பார். சீடர் குருவை “சாமி” என்பார். இரண்டு பேருக்குமே அதில் கூச்சமில்லை.

“எனக்குள்ள எல்லாம் செத்துப்போச்சு சாமி. ஆசை செத்தாச்சு. கோவம் செத்தாச்சு. நாக்கு ருசியும் செத்தாச்சு. இன்னும் என்ன பாக்கி?”

சாமி சட்டியைக் கழுவிக் கவிழ்த்தார்.

“செத்ததுன்னா என்ன அண்ணாச்சி?”

மாட்டிக்கொண்டோம் என்று ஆவுடையப்பனுக்குத் தெரிந்துவிட்டது.

ஏனென்றால் அந்த மலையில் அந்தச் சொல்லைச் சும்மா வாயில் போட முடியாது. அது மருந்துக்காரர்களின் பழைய சொல். செம்பையோ இரும்பையோ கந்தகம் சேர்த்து அரைத்து, மண் அகலில் அடைத்து, வறட்டி மூட்டிச் சுடுவார்கள். மறுபடி அரைத்து மறுபடி சுடுவார்கள். பளபளப்பெல்லாம் போய்ச் சாம்பல்போல் ஆகும். அதற்குத்தான் உலோகத்தைக் கொல்வது என்று பெயர். முழுக்கச் செத்தால் மருந்து. அரைகுறையாகச் செத்தால் தின்றவன் குடலைப் பிடித்துக்கொண்டு உருள வேண்டியதுதான்.

இன்னொரு வழக்கமும் அங்கே உண்டு. துறவு கேட்டு வருகிறவர் வீட்டிலிருந்து ஏதாவது ஓர் உலோகச் சாமானைக் கொண்டுவர வேண்டும். அதைத் தன் கையாலேயே கொன்று காட்ட வேண்டும். காட்டினால் காவி. ஒருத்தி கொலுசு கொண்டுவந்தாள். ஒருவர் வாசல் கதவின் பூட்டைக் கழற்றிக்கொண்டே வந்துவிட்டார்.

ஆவுடையப்பன் கொண்டுவந்தது ஒரு செம்புக் கரண்டி.

ஆலடியூரில் அவரும் கோமதிநாயகமும் கூட்டாக அல்வாக் கடை நடத்தினார்கள். மூக்கு ஒழுகின காலத்திலிருந்து ஒன்றாகத் திரிந்தவர்கள். கிண்டுவது ஆவுடையப்பன், விற்பது கோமதி. ஒருநாள் கடை நிறைய ஆள் நிற்கும்போது கோமதி ஒரு வாய் எடுத்துப் போட்டுப் பார்த்துவிட்டு, “ஏலே, உன் கைப்பக்குவம் செத்துப்போச்சு” என்றார். விளையாட்டாகச் சொன்னாரோ வினையாகச் சொன்னாரோ, அத்தனை பேரும் சிரித்தார்கள்.

ஆவுடையப்பன் சிரிக்கவில்லை. பதம் பார்க்கிற கரண்டியை மட்டும் மடியில் செருகிக்கொண்டு இறங்கியவர், மலையில் வந்து ஏறிவிட்டார். அதற்கப்புறம் நான்கு ஆடி போய்விட்டது.

“சொல்லுங்க அண்ணாச்சி. செத்ததுன்னா?”

“மினுக்கம் இருக்கக் கூடாது. தண்ணியில தூவினா மிதக்கணும். விரல்ல தேய்ச்சா ரேகைக்குள்ள போயி உக்காரணும்.”

“உங்க செம்பு?”

ஆவுடையப்பன் ஓடிப்போய்க் கிண்ணத்தைக் கொண்டுவந்தார். கறுத்த தூள். ஒரு சிட்டிகை எடுத்துத் தண்ணீரில் தூவினார். மிதந்தது. விரலில் தேய்த்தார். ரேகையில் உட்கார்ந்தது.

“மிதக்குறதெல்லாம் பொணமா? நானும்தான் குளத்துல மிதக்கேன்” என்றார் சாமி. “தயிர்ல போடுங்க.”

புளித்த தயிர் செம்புக்கு ஆகாது. கொஞ்சம் உயிர் இருந்தாலும் தயிர் பச்சையாகிக் காட்டிக்கொடுத்துவிடும். மருந்துக்காரர்கள் இதைப் பகைச்சரக்கு என்பார்கள். பகையாளி வந்து சீண்டுகிறான். உள்ளே இருப்பது எழுந்துவருகிறதா என்று பார்க்கிறார்கள்.

ஆவுடையப்பன் அன்று முழுக்கத் தயிர்ச் சட்டியைச் சுற்றிச் சுற்றி வந்தார். மறுநாள் காலை பார்த்தால், தயிர் வெள்ளை வெளேரென்று இருந்தது.

“சாமி! சாமி! பாருங்க!”

சாமி பார்த்தார். அவருக்கும் சந்தோஷம்தான். உள்ளே போய் ஒரு வேட்டியைக் காவிக்கல் கரைத்த தண்ணீரில் முக்கிப் பிழிந்து, கொடியில் உலர்த்தினார். ஆவுடையப்பனுக்குக் கண் கலங்கிவிட்டது.

“தரட்டுமா?” என்றார் சாமி.

“தாங்க!”

“பகை கூப்பிட்டு எழுந்திரிக்கலே. சரி. நட்பு கூப்பிட்டுப் பார்த்துருவோம். அது ஒண்ணுதான் பாக்கி.”

ஆவுடையப்பனுக்கு முகம் விழுந்துவிட்டது. நெய், தேன், வெங்காரம். இவைதான் நட்புச்சரக்கு. தூளோடு இவற்றைப் பிசைந்து மூசை என்கிற மண்கிண்ணத்தில் அடைத்து நெருப்பில் வைத்து ஊதினால், அரைகுறையாய்ச் செத்த செம்பு அடையாளம் தெரிந்த குரல் கேட்டதுபோல் மறுபடி செம்பாகவே எழுந்து உட்கார்ந்துவிடும். அதற்கும் எழாததுதான் நிஜமாகவே செத்தது.

“தேன் இருக்கு. வெங்காரம் இருக்கு. மலையில நெய்க்கு எங்க போறது சாமி?”

“சந்தைக்குப் போறவன்கிட்ட சொல்லி அனுப்பியிருக்கேன். வரும்.”

நெய் இரண்டு நாள் கழித்து வந்தது. கோமதிநாயகத்தோடு வந்தது.

சந்தைக்காரன் தோளைப் பிடித்துக்கொண்டு, மூச்சு இரைக்க, கையில் வாழையிலைப் பொட்டலத்தோடு அவர் மேலே ஏறி வந்தார். ஆவுடையப்பன் உலைக்கு அருகில் நின்றார். அசையவில்லை.

கோமதிநாயகம் பொட்டலத்தைக் கீழே வைத்தார். இடுப்பில் கையை ஊன்றினார். ஆரம்பித்தார்.

“ஏலே ஆவுடை! வெக்கங்கெட்ட பயலே! ஒரு சொல்லு பொறுக்க மாட்டாம ஓடி வந்தவனுக்குச் சாமியார் வேசம் ஒரு கேடா? ஊருல கேட்டவனுக்கெல்லாம் நீ செத்துட்டேன்னு சொல்லிட்டேன், தெரியுமா? மனுசனாலே நீ?”

இத்தனையும் அவர் சொன்னது, உலையைத் தாண்டி ஆவுடையப்பனின் துண்டு தொங்கிய பலாமரத்தைப் பார்த்து. முகத்தைப் பார்க்கக்கூட இவனுக்கு மனசில்லை என்று ஆவுடையப்பன் நினைத்துக்கொண்டார். ஆனால் கோபம் வரவில்லை. தேடிப்பார்த்தார். நிஜமாகவே வரவில்லை.

சாமியைப் பார்த்துப் புன்னகை செய்தார். தயிர் வெள்ளையாகத்தான் இருக்கிறது, பார்த்தீர்களா என்பதுபோல.

“ரொம்பச் சரி” என்றார் சாமி. “இப்போ நெய்.”

பொட்டலத்தைப் பிரித்தார். கோதுமை அல்வா. இலையில் நெய் ஊறிக் கிடந்தது.

“நெய் கேட்டா அல்வா கொண்டு வந்திருக்கீங்களே!”

“கடையில நெய் இதுக்குள்ளதான சாமி இருக்கு” என்றார் கோமதிநாயகம், இப்போது குரல் வந்த திசைக்குத் திரும்பி.

சாமிக்குச் சிரிப்புத் தாங்கவில்லை. இலையைச் சாய்த்து நெய்யை வழித்தார். கறுத்த தூளில் நெய்யும் தேனும் வெங்காரமும் விட்டுப் பிசைந்தார். மூசையில் அடைத்துக் கரிக்குள் புதைத்தார். சந்தைக்காரன் துருத்தியைப் பிடித்தான்.

வேலை ஓடும்போதே சாமி ஒரு வாய் அல்வா தின்றார். விரலை நக்கினார். அப்புறம் இலையை நீட்டினார்.

“அண்ணாச்சி, ஒரு வாய்.”

“ருசி செத்தவனுக்கு எதுக்கு சாமி?”

“அதேதான். செத்ததுக்கு என்ன பயம்?”

ஆவுடையப்பன் ஒரு சிட்டிகை கிள்ளி வாயில் போட்டார். கண்ணை மூடினார். மென்றார். மூடிய கண்ணுக்குள் ஏதோ நடந்தது. புருவம் நெளிந்தது.

“எந்தப் பய கிண்டுனான் இதை?”

பல்லில் ஒட்டியதை நாக்கால் துழாவினார்.

“கோதுமைப் பாலு புளிக்கவே இல்ல! அதுக்குள்ள அடுப்புல ஏத்தியிருக்கான். நெய்யைப் பிள்ளைக்குப் பாலூட்டுற மாதிரி கொஞ்சங் கொஞ்சமால்லா விடணும்? கொடத்தோட கவுத்துருக்கான்! நெய்யைக் கக்குறதுக்கு முந்தி எறக்கிட்டான்! இது அல்வாவா? பசை! சுவரொட்டி ஒட்டலாம்! எவன்னு கேக்கேன்லா, சொல்லுலே கோமதி!”

“நான்தாம்லே.”

“உனக்குப் பதம் தெரியாதா? எத்தனை வருசம் என் பக்கத்துல நின்னே! கொதிக்கிறது கண்ணுக்குத் தெரியலையா? என்ன, கண்ணு அவிஞ்சு போச்சா?”

“ஆமாலே” என்றார் கோமதிநாயகம். “பூ விழுந்துட்டு. ரெண்டுலயும். வெளிச்சம் தெரியுது, ஆளு தெரியல. நீ எங்க நிக்கே இப்போ?”

துருத்தி நின்றுவிட்டது. சந்தைக்காரனை யாரும் திட்டவில்லை.

ஆவுடையப்பன் பலாமரத்தைப் பார்த்தார். தன் துண்டைப் பார்த்தார். நண்பனைப் பார்த்தார். உலையைச் சுற்றி வந்து அவர் எதிரே நின்றார்.

“இங்கதாம்லே நிக்கேன்.”

கோமதிநாயகம் கையை நீட்டித் துழாவி, அவர் தாடியைப் பிடித்துக்கொண்டார்.

“எளைச்சுட்டியேடா.”

அதற்கு மேல் ஆவுடையப்பனால் தாங்க முடியவில்லை. சின்னப்பிள்ளை மாதிரி அழுதார். வாயில் அல்வா இருந்ததால் அந்த அழுகை பார்க்கக் கண்ணியமாக இல்லை.

“என் மவ உலகம்மைக்கு வெள்ளிக்கிழமை கல்யாணம்” என்றார் கோமதிநாயகம். “உன்னை அழைக்கணும்னு நான் வரல. நெய் கொண்டாரச் சொன்னாங்க, வந்தேன். அவதான் ஒத்தக்கால்ல நிக்கா. மாமா கிண்டாத அல்வா என் கல்யாணத்துல இலையில விழக் கூடாதுங்கா.”

“அவளுக்கு என்ன தெரியும், நேத்துப் பிறந்த கழுத” என்று சொல்லிவிட்டு ஆவுடையப்பன் இன்னும் கொஞ்சம் அழுதார்.

சாமி இதெல்லாம் காதில் விழாதவர்போல் மூசையைக் குறட்டால் எடுத்துத் தட்டினார். ஓடு உடைந்தது. கறுத்த கசடுக்குள்ளிருந்து ஒன்று உருண்டு வந்து மண்ணில் நின்றது. மிளகளவு. சிவப்பு. தண்ணீரில் போட்டதும் சுர்ரென்று கத்தியது.

சாமி அதை எடுத்துத் துடைக்கத் துணி தேடினார். கொடியில் இருந்த காவி வேட்டிதான் கைக்கு எட்டியது. அதிலேயே துடைத்தார். அல்வாக் கையையும் சேர்த்துத் துடைத்துக்கொண்டார்.

“செத்ததா அண்ணாச்சி?”

ஆவுடையப்பன் தலையைக் குனிந்துகொண்டார்.

“இல்ல சாமி. உசுரோட இருக்கு.”

“ம்.”

“நாலு வருசம் சாமி. எத்தனை புடம் போட்டேன்! எத்தனை வறட்டி தட்டினேன்! எல்லாம் வீண்தானா?”

சாமி அந்த மணியை அவர் உள்ளங்கையில் வைத்தார்.

“நீங்க வந்தன்னைக்கு அந்தக் கரண்டி எப்படி இருந்துச்சு?”

“பச்சைப் பசேல்னு இருந்துச்சு. காம்பு முழுக்கக் களிம்பு.”

“இது?”

ஆவுடையப்பன் மணியை வெயிலில் பிடித்துப் பார்த்தார். திருப்பித் திருப்பிப் பார்த்தார்.

“களிம்பு ஒரு பொட்டுகூட இல்ல சாமி.”

பிறகு மரத்திலிருந்து துண்டை எடுத்து உதறித் தோளில் போட்டார். நண்பனின் கையை எடுத்துத் தன் தோளில் வைத்தார்.

“எந்திரிலே. வெள்ளிக்கிழமைன்னா இன்னைக்கே கோதுமையை ஊறப் போடணும்.”