நீர் பிரிந்ததா?

பவானி ஆற்றின் கரையில், தென்னந்தோப்புகள் முடிந்து வேலங்காடு தொடங்குகிற இடத்தில் ஒரு மடம் இருந்தது. மடம் என்று பேர்தான். இரண்டு ஓட்டு வீடுகளும் ஒரு மாட்டுக்கொட்டகையும். அங்கே உலகநாயகி அம்மையார் இருந்தார். நோய் என்று வந்தவருக்கு மருந்து கொடுப்பார். கேள்வி என்று வந்தவருக்குப் பெரும்பாலும் வேலை கொடுப்பார்.

சென்னியப்பன் அவரிடம் வந்து சேர்ந்தபோது அறுபது தாண்டியிருந்தது. குருவைவிட வயதில் மூத்த சீடர். அம்மையார் அவரை ‘ஐயா’ என்று கூப்பிடுவார். அவர் குருவை ‘அம்மா’ என்பார். ஈரோட்டில் மஞ்சள் மண்டியில் மூட்டை தைத்துக்கொண்டிருந்தவர். பெண்சாதி இறந்த பிறகு ஊசியைக் கையால் தொடவில்லை. பிள்ளை குட்டி கிடையாது. வீட்டைப் பூட்டிச் சாவியை அண்டை வீட்டில் கொடுத்துவிட்டு வந்தவர், பிறகு அதைக் கேட்டு வாங்கப் போகவே இல்லை.

மடத்தில் அவர் மாட்டுக்குத் தீவனம் வைத்தார், வேர் இடித்தார், வெந்நீர் காய்ச்சினார். அதிகம் பேசமாட்டார். பேசும்போதும் ஒரு சொல்லை மட்டும் சுற்றிக்கொண்டு போவார்.

வழி கேட்டு யாராவது வந்தால், “அந்த ஆலமரத்துக்கிட்ட ரோடு ரெண்டாகுதுங்க, நீங்க சோத்தாங்கைப் பக்கம் போங்க” என்பார். ரோடு பிரிகிறது என்று சொல்லமாட்டார். மருந்துப் பொட்டலத்தைப் பிரிக்கச் சொன்னால், “அவுத்துட்டனுங்க அம்மா” என்பார்.

அம்மையார் இதைக் கவனித்திருந்தார். ஒரு நாள் நெருஞ்சில் காயவைத்துக்கொண்டிருக்கும்போது கேட்டார்.

“அந்தச் சொல் உங்களை என்ன பண்ணுச்சு, ஐயா?”

எந்தச் சொல் என்று சென்னியப்பன் கேட்கவில்லை. கையிலிருந்த முறத்தைக் கீழே வைத்துவிட்டுச் சொன்னார்.

அவர் மனைவி பழனாத்தாளுக்குச் சிறுநீரகம் இரண்டும் கெட்டுப்போய்விட்டது. கோயமுத்தூரில் ஓர் ஆஸ்பத்திரியில் சேர்த்திருந்தார்கள். காலையில் டாக்டர் வந்தால் முதலில் கேட்பது, “நீர் பிரிஞ்சுதா?” மாலையில் வந்தாலும் அதேதான். அவர்கள் ஊரில் அப்படி யாரும் பேசுவதில்லை. ஒண்ணுக்குப் போச்சா என்பார்கள். நீர் பிரிவது என்பது ஆஸ்பத்திரிப் பேச்சு. முதலில் அவருக்கு நாக்கு கூசியது. போகப் போக அதுவே அவர் பேச்சாகிவிட்டது. மைத்துனர் போனில் கேட்டால், “இன்னும் பிரியலீங்க மாப்ள” என்பார். பக்கத்துப் படுக்கைக்காரர் கேட்டால், “கொஞ்சம் பிரிஞ்சுதுங்க” என்பார். கடைசியில் புருஷனுக்கும் பெண்சாதிக்கும் நடுவில் வேறு பேச்சே இல்லாமல் போனது. “பிரிஞ்சுதா, பழனா?” என்று இவர் கேட்பார். அவள் கண்ணை மூடித் திறப்பாள். இல்லை என்று அர்த்தம்.

பிறகு அவளை உள்ளே கொண்டுபோய்விட்டார்கள். இவர் வெளியே பெஞ்சில் உட்கார்ந்திருந்தார். ஒரு நாள் மத்தியானம் கதவைத் திறந்துகொண்டு ஒரு நர்ஸ் வந்தாள். சின்னப் பெண். இவருக்கு முன்னால் வந்து நின்றாள். உதடு அசைந்தது. முதல் சொல் தொண்டையிலேயே நின்றுவிட்டது. இரண்டாவது சொல்தான் வெளியே வந்தது.

“பிரிஞ்சிருச்சுங்க ஐயா.”

சென்னியப்பன் சிரித்தார். எழுந்து கும்பிட்டார். பெஞ்சில் இருந்தவரைத் தொட்டு, “பிரிஞ்சிருச்சாமுங்க!” என்றார். “நீ நல்லா இருப்பே கண்ணு” என்று அந்தப் பெண்ணைப் பார்த்து மறுபடி கும்பிட்டார். அந்தப் பெண் வாயைப் பொத்திக்கொண்டு சுவரோரம் நகர்ந்தாள். அவள் ஏன் அழுகிறாள் என்று யோசித்தபோதுதான் அவருக்கு எட்டியது.

சொல்லி முடித்துவிட்டு முறத்தை எடுத்து மடியில் வைத்துக்கொண்டார்.

“நீரும் பிரியுதுங்கறாங்க, உசுரும் பிரியுதுங்கறாங்க. ரெண்டுக்கும் எப்படீங்கம்மா ஒரே சொல்லு?”

அம்மையார் நெருஞ்சிலைப் புரட்டினார். “வேற சொல் வச்சுக்கலாமே. நீர் போச்சுன்னு சொல்லலாம்.”

“பழனாவும் போயிட்டாள்னுதானுங்க எல்லாரும் சொன்னாங்க.”

“இறங்குச்சுன்னு சொல்லலாம்.”

“குழிக்குள்ள இறக்குனோமுங்களே.”

“கழிஞ்சுதுன்னு?”

எந்தச் சொல்லைத் தூக்கினாலும் அதற்கு அடியில் ஒரு சாவு உட்கார்ந்திருந்தது.

“தண்ணி கொதிக்குது, போய்ப் பாருங்க” என்றார் அம்மையார்.

அதற்குப் பிறகு இரண்டு மூன்று தடவை சென்னியப்பன் அதே கேள்வியைக் கேட்டார். ஒவ்வொரு தடவையும் ஏதாவது ஒரு வேலை வந்தது.

ஐப்பசியில் மழை பிடித்துக்கொண்டது. அணை நிரம்பித் தண்ணீரைத் திறந்துவிட்டார்கள். தரைப்பாலம் முழுகிப்போய், இந்தக் கரைக்கும் டவுனுக்கும் நேர்வழியில்லாமல் ஆனது. அப்படி ஒரு காலையில் மடத்து வாசலில் குட்டியானை என்கிற சின்னச் சரக்கு வண்டி ஒன்று வந்து நின்றது. பின்னால் தார்ப்பாய்க்கு அடியில் ஒரு மனிதர் சுருண்டு கிடந்தார். தேங்காய் உரிக்கிற நாச்சிமுத்து. பக்கத்தில் அவர் மனைவி மாராத்தாள், நனைந்த சேலையோடு.

“நேத்து பொழுதோட ஒண்ணுக்குப் போனதுதானுங்கம்மா. அப்புறம் ஒரு சொட்டு வரலீங்க. வயிறு கல்லாட்டம் இருக்குதுங்க. பாலத்துல வண்டி போகாதுன்னுட்டாங்க.”

அம்மையார் அடிவயிற்றைத் தொட்டுப் பார்த்தார். நாச்சிமுத்து பல்லைக் கடித்துக்கொண்டு முகத்தைத் திருப்பினார்.

“இவரு ஆஸ்பத்திரிக்குத்தான் போகோணும். மேக்கால சுத்திட்டு வரச்சொல்லி ஆஸ்பத்திரி வண்டிக்குப் போன் பண்ணுங்க” என்றார் அம்மையார். வண்டிக்காரர் போனை எடுத்துக்கொண்டு மேட்டுக்கு ஓடினார்.

சென்னியப்பன் நெருஞ்சில் கஷாயம் போட அடுப்பைப் பார்த்து நகர்ந்தார்.

“வேண்டாம், ஐயா. வெளிய போக வழியில்லாதப்ப மேல மேல ஊத்தக்கூடாது. இடுப்பளவு வெந்நீர்ல உக்கார வைங்க. சூடு தாங்கற மாதிரி இருக்கட்டும்.”

கொட்டகையில் மாட்டுக்குத் தண்ணீர் காட்டுகிற பெரிய சிமெண்டுத் தொட்டி இருந்தது. அதைத் தேய்த்துக் கழுவி வெந்நீர் ஊற்றினார்கள். அம்மையார் பக்கத்தில் நின்றபோது நாச்சிமுத்து வேட்டியை இறுக்கிப் பிடித்துக்கொண்டார். அம்மையார் புரிந்துகொண்டார்.

“நீங்க இவரோட இருங்க, ஐயா. அப்பப்பக் கேட்டுட்டு வந்து சொல்லுங்க.”

“என்னன்னு கேக்கறதுங்க?”

“உங்களுக்குக் கேட்டுப் பழக்கந்தானே” என்று சொல்லிவிட்டு அவர் போய்விட்டார்.

நாச்சிமுத்துவைக் கைத்தாங்கலாகத் தொட்டியில் இறக்கினார் சென்னியப்பன். முதுகில் மெல்லச் சொம்பால் ஊற்றினார். பிறகு அவருக்கு வெட்கமாக இருக்கக் கூடாதென்று சுவரைப் பார்த்துத் திரும்பி உட்கார்ந்துகொண்டார்.

வெளியே ஆற்றின் இரைச்சல் கேட்டது. கொஞ்ச நேரம் போனது.

“வந்துச்சுங்களா?”

“வண்டியா?”

“அதில்லீங்க.”

“பின்ன ஆருங்க?”

சென்னியப்பன் சுவரையே பார்த்தார். “ஆச்சுங்களான்னு கேட்டனுங்க.”

“என்ன ஆச்சு? எம் பொண்டாட்டிக்கு ஏதாச்சும் ஆயிருச்சா?” நாச்சிமுத்து தொட்டியின் விளிம்பைப் பிடித்துக்கொண்டு எழப் பார்த்தார்.

“ஐயோ, இல்லீங்க. உக்காருங்க, உக்காருங்க.” அவர் தோளை அழுத்தி உட்கார வைத்தார். இனிமேல் சுற்றிப் போக வழியில்லை என்று தெரிந்தது. “நீர் பிரிஞ்சுதுங்களா?”

“இல்லீங்க.”

அவ்வளவுதான். ஒன்றும் நடக்கவில்லை. கூரை அப்படியேதான் இருந்தது. சென்னியப்பன் இன்னொரு சொம்பு ஊற்றினார். போய் வாசலில் அம்மையாரிடம், “இல்லீங்கம்மா” என்று சொல்லிவிட்டு வந்தார். தண்ணீர் ஆறியபோது சூடாகக் கலந்தார். மறுபடி கேட்டார். மறுபடி இல்லை. கேட்கக் கேட்க அந்தச் சொல் அவர் வாயில் பழைய இடத்தில் போய் உட்கார்ந்துகொண்டது.

“அவ சோறு உண்டிருக்க மாட்டாளுங்க” என்றார் நாச்சிமுத்து. “நானு உண்ணாம அவளும் உண்ண மாட்டா. ராத்திரியும் உண்ணலை.”

“சொல்றனுங்க.”

“நான் உசுரோட இருக்கறனான்னு பாக்கறதுக்கு ராத்திரி பூரா மூக்குக்கிட்ட கைய வச்சுப் பாத்துட்டே இருந்தாளுங்க. தூங்கறாப்பல இருந்துக்கிட்டேன்.”

சென்னியப்பனின் மூக்கருகே கை வைத்துப் பார்க்க இப்போது யாரும் இல்லை. அது வரைக்கும் அப்படி நினைத்துப் பார்த்ததில்லை. காலையில் எழுந்தால்தான் தெரியும், இருக்கிறாரா இல்லையா என்று. அதுவும் அவருக்கு மட்டும்தான் தெரியும்.

பின்னாலிருந்து வந்துகொண்டிருந்த சத்தம் நின்றுவிட்டது. மூச்சுச் சத்தம்கூடக் கேட்கவில்லை. திரும்பிப் பார்த்தார். நாச்சிமுத்துவின் தலை மார்பில் கவிழ்ந்திருந்தது.

“ஏனுங்க! நாச்சிமுத்து!”

மோவாயைப் பிடித்துத் தூக்கினார். கண் திறந்திருந்தது. கன்னத்தில் நீர் வழிந்துகொண்டிருந்தது.

“பிரியுதுங்க” என்றார் நாச்சிமுத்து. சொல்லிவிட்டுக் குழந்தை மாதிரி விசும்பினார். “பிரியுதுங்க சாமி.”

சென்னியப்பன் அவர் தலையைத் தன் வயிற்றோடு அணைத்துக்கொண்டு நின்றார். வேட்டியெல்லாம் நனைந்தது. பிறகு வெளியே ஓடினார்.

வாசலில் மாராத்தாள் மட்டும் நின்றுகொண்டிருந்தாள். ஓடி வருகிறவரின் முகத்தைப் பார்த்தாள். அவர் கண்ணெல்லாம் தண்ணீர். வாயைத் திறந்தார். முதல் சொல் வரவில்லை. அதைத் தாண்டி இரண்டாவது சொல் உதட்டுக்கு வந்துவிட்டது.

மாராத்தாளின் கால் மடிவதை அவர் பார்த்தார். தூணைப் பிடிக்கக் கை போனது, தூண் அகப்படவில்லை.

சென்னியப்பன் உதட்டைக் கடித்து அந்தச் சொல்லை உள்ளே இழுத்துக்கொண்டார். அவள் கையைப் பிடித்தார். ஒவ்வொரு சொல்லாக எடுத்து வைத்தார்.

“அம்மா. உங்க வீட்டுக்காரருக்கு. நீர். பிரிஞ்சிருச்சுங்க. நீருங்க அம்மா. அவரு உசுரோட இருக்கறாரு. நீங்க சோறு உண்டீங்களான்னு கேக்கறாரு.”

மாராத்தாள் அவரையே பார்த்தாள். பிறகு சிரித்தாள். மழையில் நனைந்த முகம் முழுக்கச் சிரிப்பு. கும்பிட்டாள். பக்கத்தில் ஆளில்லாததால் மாட்டைப் பார்த்து, “பிரிஞ்சிருச்சாமா!” என்றாள்.

சென்னியப்பனும் அன்று ஆஸ்பத்திரியில் இப்படித்தான் சிரித்தார். அந்தச் சிரிப்பை இப்போது வெளியிலிருந்து பார்த்தார். இத்தனை வருசமாக அதை அசிங்கமென்று நினைத்திருந்தார்.

மத்தியானத்துக்கு மேல் ஆஸ்பத்திரி வண்டி சுற்றிக்கொண்டு வந்து சேர்ந்தது. மறுபடியும் அடைக்கும், குழாய் போட்டு முழுசாகப் பார்க்க வேண்டும் என்று சொல்லி அம்மையார் இருவரையும் ஏற்றி அனுப்பினார். வண்டிக் கதவு சாத்தும் வரை மாராத்தாள் புருஷனின் கையை விடவில்லை.

வண்டி போன பிறகு மடம் வெறிச்சென்றாகிவிட்டது. சென்னியப்பன் தொட்டியைக் கழுவினார். சிந்தின இடத்தைக் கூட்டிவிட்டார். செய்ய வேறு வேலை இல்லை. ஆற்றைப் பார்த்துக்கொண்டு படிக்கல்லில் உட்கார்ந்தார். அந்தி மங்கியது. அம்மையார் வந்து இரண்டு படி தள்ளி உட்கார்ந்தார்.

“இப்பவாச்சும் சொல்லுங்கம்மா. ரெண்டுக்கும் ஏன் ஒரே சொல்லு?”

இந்தத் தடவை அம்மையார் எந்த வேலையும் சொல்லவில்லை.

“இன்னைக்கு அந்தச் சொல்லை யாருக்குச் சொன்னீங்க, ஐயா?”

“அந்த அம்மாளுக்குங்க.”

“உள்ள இருந்தவருக்குச் சொல்லலையா?”

“அவருக்கு எதுக்குங்க சொல்லோணும்? அவருக்குத்தான் தெரியுமே.”

“அவ்வளவுதான். அது வாசல்ல காத்துட்டு நிக்கறவங்களுக்குச் சொல்ற சொல்.”

சென்னியப்பன் ஆற்றைப் பார்த்தார். செம்மண் தண்ணீர் கரையை உரசிக்கொண்டு போய்க்கொண்டிருந்தது. கேட்கவேண்டாம் என்று நினைத்துக்கொண்டே கேட்டார்.

“எனக்குன்னு அந்தச் சொல்லு வர்றப்ப வாசல்ல ஆரும் நிக்கமாட்டாங்களே அம்மா.”

“ஆரும் நிக்கலைன்னா, ஆரை விட்டுப் பிரியறது? அதுக்குப் பேரு பிரியறது இல்லீங்க, ஐயா.”